கவுண்டிச் சிறையும் உற்றார் தொடர்பும்

எச். ஏ. கிருஷ்ண பிள்ளை இயற்றி 1894-இல் வெளிவந்த இரட்சணிய யாத்திரிகத்தைப் பயில்வோர், அதற்கு முதல்நூலாக அமைந்தது ஜான் பன்யன் 1678-இல் வெளியிட்ட ஆங்கில உரைநடை நூல் என்பதை நன்கறிவர். அவ்வாங்கில நூல் ஒரு குகையில் உறங்கியவன் கண்ட கனவாகத் தொடங்குகிறது. பின்வந்த பதிப்பொன்றின் ஓரக்குறிப்பு, அக்குகை சிறையே என்று வெளிப்படையாகக் கூறுகிறது. அச்சிறை இங்கிலாந்தில் பெட்ஃபோர்டு நகரிலிருந்த கவுண்டிச் சிறை என்பதும், நூல் அங்கேயே தொடங்கப்பெற்றது என்பதும் ஆராய்ச்சியாளருள் பெரும்பாலோர் கொள்கை. கவுண்டி என்பது ஏறக்குறைய நம் மாவட்டத்தை ஒத்த ஆட்சிப் பிரிவாகும். நூலின் சமயக் கருத்தை ஆராய்வது ஈண்டு எம் நோக்கமன்று. ஏறத்தாழ 12 ஆண்டுகள் உள்ளே வைக்கப்பெற்ற ஒருவரோடு உற்றார் எவ்வாறு தொடர்பு காத்தனர், அத்தொடர்புக்கு விலை கொடுத்தவர் யாவர் என்னும் வினாவையே எடுத்துக்கொள்கிறோம்.

முதற்கண் இடம்பற்றிய ஐயம் ஒன்றை நீக்குதல் வேண்டும். பன்யன் இருந்தது ஆற்றுப் பாலத்தின்மேல் நின்ற சிறிய நகரச் சிறையே என்று நெடுங்காலம் நம்பி வந்தனர். ஓவியங்களும் அவ்வாறே வரையப்பட்டன. 1885-இல் பன்யனின் விரிவான வரலாற்றை எழுதிய ஜான் பிரவுன் இதனை மறுத்தார். பன்யனைப் பிடித்தது நகர எல்லைக்கு வெளியே, கவுண்டி நீதிபதியின் ஆணையால். ஆகவே அவரை அடைத்ததும் கவுண்டிச் சிறையாகவே இருத்தல் வேண்டும் என்பது அவர் வாதம். பாலத்துச் சிறை ஓவியருக்கு உகந்தது. ஆயினும் சான்று பிரவுன் பக்கமே நிற்கிறது. இவ்வேறுபாடு எம் பொருளுக்கு இன்றியமையாதது. கவுண்டிச் சிறை, தண்டனை பெற்றோரை நெடுநாள் அடைத்துவைப்பதற்கென்று எழுந்ததன்று. வழக்கு விசாரணையை எதிர்நோக்கியிருப்போரையும் கடன்பட்டோரையும் பிடித்துவைக்கும் இடமாகவே எழுந்தது. உள்ளிருப்போர் பெரும்பாலும் அவ்வட்டாரத்தவர். அவர்தம் வீடுகள் நடந்துசெல்லும் தொலைவிலோ ஒருநாள் பயணத் தொலைவிலோ இருந்தன.

பன்யன் 1660 நவம்பரில் பிடிபட்டார். அரசின் ஒப்புதலற்ற சமயக் கூட்டத்தில் பேச முற்பட்டதே குற்றம். வெளியே அவருடைய இரண்டாம் மனைவி எலிசபெத்தும் முதல் மனைவியின் மக்கள் நால்வரும் இருந்தனர். மூத்தமகள் மேரி பிறவிக்குருடி. கருவுற்றிருந்த எலிசபெத்து, கணவன் பிடிபட்ட செய்தியின் அதிர்ச்சியால் நாளாகுமுன் மகவீன்று, அம்மகவையும் இழந்தாள். அவ்விளம்பெண் அதன்பின் செய்தவை வியப்புக்குரியன. இலண்டன் சென்று பிரபு ஒருவரிடம் விண்ணப்பம் கொடுத்தாள். 1661-இல் பெட்ஃபோர்டுக்கு வந்த நீதிபதிகளிடம் மும்முறை முறையிட்டாள். ஒருமுறை விண்ணப்பத்தை நீதிபதியின் வண்டிக்குள்ளேயே எறிந்தாள். மாத்யூ ஹேல் என்னும் நீதிபதி மட்டும் இரக்கத்தோடு செவிசாய்த்து, அரசனை வேண்டுதல் முதலிய சட்ட வழிகளை எடுத்துரைத்தார். பயன் ஒன்றும் விளையவில்லை. இச்செய்திகளை நாம் அறிவது பன்யன் சிறையிலிருந்தே எழுதிவைத்த குறிப்பினாலாகும். அக்குறிப்பு 1765-இல்தான் அச்சேறியது. மனைவி வெளியே கண்டதும் கேட்டதும் கணவனை உடனுக்குடன் எட்டின என்பதற்கு அதுவே சான்று.

இங்கு ஒன்றைக் கூர்ந்து நோக்குதல் வேண்டும். அக்காலக் கவுண்டிச் சிறையின் கதவு உற்றாருக்கு முற்றிலும் அடைபட்டிருக்கவில்லை. உணவு வீட்டிலிருந்து வந்தது. குருட்டுமகள் மேரி மாலைதோறும் மண்கலத்தில் கஞ்சி கொண்டுவந்தாள் என்பது செவிவழிச் செய்தி. அதனை உறுதியெனக் கொள்ளாவிடினும், அத்தகைய வருகை அன்று இயல்பே என்பதில் ஐயமில்லை. பன்யன் நாடாக்களின் நுனிக்கு உலோகக் குப்பி பூட்டும் தொழிலை உள்ளிருந்தபடியே செய்து குடும்பத்துக்குப் பொருளீட்டினார். தொடக்கத்தில் சிறைக்காவலர் அவரை வெளியே சென்றுவரவும் விட்டார். பன்யன் இலண்டன்வரை சென்று மீண்டது வெளிப்படவே, காவலர் தம் பதவியை இழக்கும் நிலை நேர்ந்தது. அதன்பின் வாயிலைத் தாண்டவும் இசைவில்லை. சட்டம் வகுத்த தொடர்பு என ஒன்றும் அன்று இல்லை. காவலரின் மனநிலையே சட்டமாக இருந்தது என்பதற்கு இந்நிகழ்ச்சி போதும்.

காவலரின் மனநிலையோடு அவரது வருவாயும் சேர்ந்திருந்தது. இதனை உலகறியச் செய்தவர் ஜான் ஹோவர்டு. இவரும் பெட்ஃபோர்டு வட்டாரத்தவரே. பன்யன் முன்னாளில் போதகராக விளங்கிய சபையில் வழிபட்டு வந்தவர். 1756-இல் கடற்பயணத்தின்போது பிரெஞ்சுக்காரரிடம் பிடிபட்டுத் தாமே சிறைத்துன்பம் கண்டவர். 1773-இல் பெட்ஃபோர்டுக் கவுண்டியின் ஷெரீப் பதவி அவருக்கு வாய்த்தது. அப்பதவி பெற்றோர் சிறையை நேரில் சென்று பார்ப்பது வழக்கமன்று, ஹோவர்டு பார்த்தார். குற்றமற்றவர் என்று தீர்ப்புப் பெற்றவரும், வழக்கே தொடுக்கப்படாதவரும் மீண்டும் சிறைக்குள் இழுத்துச்செல்லப்பட்டதைக் கண்டார். காரணம், காவலருக்குச் சம்பளம் இல்லை. கைதியிடம் பெறும் கட்டணமே அவருக்குப் பிழைப்பு. பெட்ஃபோர்டில் விடுதலைக் கட்டணம் காவலருக்கு 15 ஷில்லிங் 4 பென்சு, திறவுகோல் பிடிப்பவனுக்கு 2 ஷில்லிங். ஏழைக்கு இது எளிய தொகையன்று. குற்றமற்றவன் என்ற தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டே ஒருவன் உள்ளே கிடந்தான். வெளியே உற்றார் பொருள் திரட்டினர்.

காவலருக்குச் சம்பளம் கொடுங்கள் என்று ஹோவர்டு கவுண்டி நீதிபதிகளை வேண்டினார். வேறெங்கேனும் அவ்வழக்கம் உண்டோ என்று அவர்கள் வினவினர். முன்மாதிரி தேடி அண்டைக் கவுண்டிகளுக்குக் குதிரையேறினார் ஹோவர்டு. முன்மாதிரி கிடைக்கவில்லை, எங்கும் அதே கொடுமை கிடைத்தது. 1774-இல் பாராளுமன்றத்தில் சான்றளித்தார். அவ்வாண்டிலேயே இரு சட்டங்கள் நிறைவேறின. அவற்றுள் ஒன்று, குற்றமற்றவரிடம் விடுதலைக் கட்டணம் பெறுவதை ஒழித்தது. சட்டம் இயற்றினால் ஆயிற்றா? அச்சட்டங்களைப் பெரிய எழுத்தில் தம் செலவிலேயே அச்சிட்டுக் கவுண்டிச் சிறைக் காவலர் ஒவ்வொருவருக்கும் அனுப்பினார் ஹோவர்டு. மீண்டும் சென்று பார்த்தபோது பல இடங்களில் அவை கைக்கொள்ளப்படாதிருந்தன. இவை யாவும் 1777-இல் அவர் வெளியிட்ட பெருநூலில் இடம்பெற்றுள்ளன.

19-ஆம் நூற்றாண்டின் சீர்திருத்தம் சிறையைத் தூய்மையாக்கியது, காவலரைச் சம்பளக்காரராக்கியது. ஆனால் கைதியைத் தனியறையில் வைத்தலே அவனைத் திருத்தும் என்ற கொள்கையால் உற்றாரின் வருகையையும் கடிதத்தையும் மிகச் சுருக்கியது. ஊழல் மலிந்த பழஞ்சிறையில் மேரி நுழைய முடிந்தது. ஒழுங்கு மிகுந்த புதுச்சிறையில் அவள் நுழைந்திருக்க இயலாது. இதனாற் பழமையே நன்றென்று யாம் கூறவில்லை. பழஞ்சிறையில் காய்ச்சலால் மாண்டவர் பலர். 1877-இன் சட்டத்தால் இங்கிலாந்தின் கவுண்டிச் சிறைகள் நடுவண் அரசின் கைக்குச் சென்றன.

அமெரிக்காவில் நிலை வேறு. ஆங்கிலக் குடியேறிகள் கொண்டுசென்ற கவுண்டியும் ஷெரீப்பும் அங்கு இன்றும் நிலைத்துள்ளன. 2023-இன் நடுப்பகுதியில் அந்நாட்டு வட்டாரச் சிறைகளில் ஏறக்குறைய 6,60,000 பேர் இருந்தனர். அவர்களுள் பத்தில் ஏழு பேர் அளவில் தீர்ப்புப் பெறாதவர். பன்யன் காலத்துக் கவுண்டிச் சிறையின் இயல்பு மாறவில்லை என்பதை இக்கணக்கு காட்டுகிறது.

கடிதத்தைப் பொறுத்தவரை, 1974-இல் அந்நாட்டு உச்சநீதிமன்றம் சிறப்பான கருத்தொன்றை வெளியிட்டது. கைதியின் கடிதத்தைத் தணிக்கை செய்வது வெளியே இருந்து எழுதுவோரின், படிப்போரின் உரிமையையும் தொடுகிறது என்பதே அது. எம் கருத்தில் இவ்வரலாறு முழுவதிலும் உற்றாரை உரிமையுடையோராகக் கண்ட தீர்ப்பு இதுவே. ஆயினும் பின்வந்த தீர்ப்புகள் சிறை அதிகாரிகளுக்குப் பெரிதும் இடங்கொடுத்தன. 1984-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் கவுண்டிச் சிறை வழக்கில், விசாரணைக் கைதியர் உற்றாரைத் தொட்டுப் பேசும் சந்திப்பை மறுக்கலாம் என்று தீர்ப்பாயிற்று. 2007-இல் அரிசோனாவின் மாரிக்கோப்பா கவுண்டி, உறையிட்ட கடிதங்களை விலக்கி அஞ்சலட்டையை மட்டும் ஏற்றது. பிற கவுண்டிகளும் பின்பற்றின. ஓரிகானில் கொலம்பியா கவுண்டியின் அத்தகைய விதியை 2013-இல் நீதிமன்றம் செல்லாதென்றது. தடைசெய்யப்பட்ட பொருள்கள் உறையில் மறைந்து வருகின்றன என்னும் அதிகாரிகளின் அச்சம் பொய்யன்று. எனினும், கணவனுக்கு எழுதுவதை அஞ்சற்காரர் முதல் அனைவரும் படிக்க நேரும் என்றறிந்த மனைவி எதனை எழுதுவாள்?

தொலைபேசியில்தான் ஹோவர்டு கண்ட பழைய கட்டணம் புதுவடிவில் தோன்றிற்று. சிறை அழைப்புகளை நடத்தும் உரிமையை ஒரே நிறுவனத்துக்குக் கொடுத்து, அதன் வருவாயில் ஒரு பங்கைச் சிறை நிருவாகம் பெறுவது வழக்கமாயிற்று. பங்கு மிகுதியாகத் தரும் நிறுவனமே ஒப்பந்தம் பெறும். ஆகவே போட்டி விலையைக் குறைக்கவில்லை, உயர்த்திற்று. சில இடங்களில் 15 நிமிட அழைப்புக்கு 17 டாலர்வரை ஆனது. அதைச் செலுத்தியவர் தாயும் மனைவியும் பாட்டியுமே. வாஷிங்டனில் வாழ்ந்த மார்த்தா ரைட் என்னும் பாட்டி, சிறையிலிருந்த பேரனோடு பேசும் செலவு தாங்காது 2000-இல் வழக்கிட்டார். 2003-இல் கூட்டரசின் தகவல்தொடர்பு ஆணையத்திடம் முறையிட்டார். எலிசபெத்தின் விண்ணப்பத்தை இது நமக்கு நினைவூட்டுகிறது. பத்தாண்டுகள் கழித்து, 2013-இல், மாநிலங்களுக்கு இடைப்பட்ட அழைப்புகளுக்கு நிமிடத்துக்கு 21 சென்டு, பெறுபவர் செலுத்துவதாயின் 25 சென்டு என ஆணையம் வரம்பிட்டது.

கவுண்டிச் சிறையின் தனித்துன்பம் இங்கேதான் வெளிப்படுகிறது. அதில் இருப்பவனின் வீடு அண்மையிலுள்ளது. அவன் அழைப்பு மாநில எல்லையைத் தாண்டுவதில்லை. எனவே 2013-இன் வரம்பு அவனை எட்டவில்லை. ஆணையம் 2015-இல் உள்மாநில அழைப்புக்கும் வரம்பிட முயன்றது. அதற்கு அவ்வதிகாரம் இல்லையென்று 2017-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தள்ளியது. தொலைவிலிருப்பவனோடு பேசுவது மலிவு, அண்டை ஊரிலிருப்பவனோடு பேசுவது அரிது என்னும் முரண் இவ்வாறு நிலைத்தது.

மார்த்தா ரைட் 2015-இல் மறைந்தார். அவர் பெயர் தாங்கிய சட்டம் 2022 இறுதியில் காங்கிரஸில் நிறைவேறி, 2023 சனவரியில் குடியரசுத்தலைவரின் ஒப்பம் பெற்றது. உள்மாநில அழைப்புகளும் ஆணையத்தின்கீழ் வந்தன. 2024-இல் ஆணையம் பெருஞ்சிறைகளுக்கு நிமிடத்துக்கு 6 சென்டு, மிகச் சிறியவற்றுக்கு 12 சென்டு என வரம்பிட்டு, சிறை நிருவாகத்துக்குப் பங்கு கொடுப்பதையும் தடைசெய்தது. சான் பிரான்சிஸ்கோ கவுண்டி அதற்கு முன்னரே, 2020-இல், அழைப்புகளுக்குக் கட்டணமே இல்லையென்றாக்கியிருந்தது. 2024-இன் விதிகள் நடைமுறைக்கு வரவேண்டிய நாளை 2025-இல் ஆணையமே 2027 ஏப்பிரலுக்கு ஒத்திவைத்தது. சிறைகளுக்கு, குறிப்பாகச் சிறு கவுண்டிச் சிறைகளுக்கு, கண்காணிப்புச் செலவு தாங்கவில்லை என்பது சொல்லப்பட்ட காரணம். அவ்வாண்டு முடிவதற்குள் வரம்புகளும் உயர்த்தப்பெற்றன.