மானியம்

மதிப்பிற்குரியது என்று பொருள்படும் 'மான்ய' என்னும் வடசொல்லினின்று பிறந்த மானியம், முற்காலத்தில் கோயில்களுக்கும் பிராமணர்க்கும் கிராம ஊழியர்க்கும் வரி நீக்கி அளிக்கப்பட்ட நிலத்தைக் குறித்தது. பிறப்பையும் பதவியையும் ஒட்டி நின்ற அச்சொல், சர்க்கார் பொதுநிதியால் விலையைத் தாங்கத் தொடங்கிய நம் காலத்திலேதான் ஏழையின் அடுப்பங்கரையை எட்டியது. இலங்கையில் 1953இல் அரிசி மானியத்தைக் குறைத்து, கொத்து 25 சதமாயிருந்த பங்கீட்டரிசியை 70 சதமாக உயர்த்தியபோது, ஆகஸ்டு 12ஆம் நாள் மூண்ட ஹர்த்தால் பிரதமர் டட்லி சேனநாயக்கவின் ராஜினாமாவுக்கே வழிகோலிற்று. 1979இல் பங்கீட்டுக்கு மாற்றாக வந்த உணவு முத்திரையோ, அதன் ரூபாய் மதிப்பு விலைவாசியோடு உயராமையால், அரசியல் கொந்தளிப்பு ஏதுமின்றியே வறியோரின் உணவைச் சுருக்கி, செல்வர்க்கும் அவர்க்குமுள்ள இடைவெளியை அகலச் செய்தது. விலையோடு உயராத உதவியை மானியம் என்றழைப்பது அச்சொல்லுக்கே தகாது என்பது என் துணிபு.