பூட்டை உடைத்துப் பார்க்கும் படிப்பு

2019 அக்டோபர் 30 அன்று, கூடங்குளம் அணுமின் நிலையக் கணினி ஒன்றில் வைரஸ் புகுந்திருந்ததை இந்திய அணுமின் கழகம் ஒப்புக்கொண்டது. உலையை இயக்கும் கணினிகளுக்குப் பாதிப்பில்லை, இணையத்தோடு இணைந்த அலுவலகக் கணினிதான் மாட்டியது என்றார்கள். ஆலங்குளத்துக்காரர்களுக்குக் கூடங்குளம் பக்கத்து ஊர் மாதிரி. திருடன் வருமுன் ஓட்டையை நாமே தேட முடியாதா? முடியும். அதற்குப் பெயர்தான் பெனட்ரேஷன் டெஸ்டிங்.

இது புதிய வித்தை இல்லை. 1970களிலேயே அமெரிக்க ராணுவத்தில் "புலிக் குழு" என்று ஆட்களை வைத்துத் தங்கள் கணினிகளையே உடைத்துப் பார்த்தார்கள். மிகப் பாதுகாப்பானது என்று பேர் வாங்கிய மல்டிக்ஸ் அமைப்பிலும் நுழைய முடியும் என்று கார்கர், ஷெல் என்ற இரண்டு விமானப்படை அதிகாரிகள் 1974இல் அறிக்கை கொடுத்தார்கள்.

பிறகு கருவிகள் பொதுமக்கள் கைக்கு வந்தன. 1995இல் 'சாத்தான்' என்ற சோதனை மென்பொருள் இலவசமாக வெளியானபோது, திருடனுக்குச் சாவி கொடுக்கிறார்கள் என்று பெரிய சண்டையே நடந்தது. 2003இல் மெட்டாஸ்ப்ளாய்ட், 2006இல் பேக்ட்ராக், 2013இல் அதன் வாரிசான காளி லினக்ஸ். இன்று மாணவர் எவரும் இறக்கிக்கொள்ளலாம்.

நம்மவர் ஒருவரும் இந்தக் கதையில் உண்டு. சென்னையைச் சேர்ந்த லக்ஷ்மண் முத்தையா, இன்ஸ்டாகிராமில் கடவுச்சொல்லை மாற்ற அனுப்பும் 6 இலக்க எண்ணைச் சோதித்தார். ஒரே முகவரியிலிருந்து பலமுறை முயன்றால் தடுத்துவிடும். ஆனால் 1000 ஐபி முகவரிகளிலிருந்து ஒரே நேரத்தில் 2 லட்சம் எண்களை அனுப்பினால் தடுக்கவில்லை! மொத்தம் இருப்பதே 10 லட்சம் எண்கள்தானே. அவர் அதை நிறுவனத்திடம் சொன்னார், ஓட்டை அடைபட்டது. 2019இல் 30,000 டாலர் பரிசு கிடைத்தது.

அந்த நிறுவனமே ஓட்டை தேடுபவர்களை அழைத்து விதிமுறையும் வைத்திருந்தது. வித்தியாசம் இங்கேதான் இருக்கிறது. காளி லினக்ஸ் கிடைத்தவுடன் கல்லூரி சர்வரையோ பக்கத்து வீட்டு வைஃபையையோ தொட்டால், "கற்றுக்கொள்ளத்தான் செய்தேன்" என்பது நம்மைக் காப்பாற்றாது. உரிமையாளர் அனுமதியின்றி நுழைவது தகவல் தொழில்நுட்பச் சட்டம் 43ஆம் பிரிவில் வரும். நேர்மையற்ற நோக்கம் என்றானால் 66ஆம் பிரிவில் 3 ஆண்டு வரை சிறை, 5 லட்சம் வரை அபராதம்.

பயிற்சிக்கு வழி இருக்கிறது. மெட்டாஸ்ப்ளாய்டபிள், டிவிடபிள்யூஏ போன்றவை வேண்டுமென்றே ஓட்டைகளோடு செய்யப்பட்டவை. விர்ச்சுவல்பாக்ஸில் போட்டு, வெளி இணைப்பைத் துண்டித்துவிட்டு, எத்தனை முறை வேண்டுமானாலும் உடைக்கலாம். உடைத்தபின் எப்படி உடைந்தது, எப்படி அடைப்பது என்று எழுதி வையுங்கள். 1974இல் அந்த இருவரும் செய்ததும் அதுதான்.