பார்பரா ஸ்டீலின் இரவல் குரல்

பேய்க்கதைகளைப் படமெடுத்துப் பணம் பண்ணலாம் என்ற ஞானம் இத்தாலியர்களுக்குச் சற்றுத் தாமதமாகவே பிறந்தது. 1957-இல் ரிக்கார்டோ ஃப்ரெடா ‘இ வாம்பிரி’ என்ற படத்தை எடுத்தபோது சொந்த நாட்டு ஜனங்களே அதைச் சீந்தவில்லை. மறு வருஷம் இங்கிலாந்திலிருந்து வந்த ஹாமர் கம்பெனியாரின் டிராகுலாவுக்கோ அவர்கள் தாராளமாகக் காசு கொடுத்தார்கள். பயம் என்பது ஆங்கிலச் சரக்காக இருந்தால்தான் விலைபோகும் என்று கண்டுகொண்ட தயாரிப்பாளர்கள், ஃப்ரெடாவை ராபர்ட் ஹாம்ப்டன் ஆக்கினார்கள். அன்டோனியோ மார்கெரிட்டி அந்தோனி டாசன் ஆனார். இந்தப் பொய்ப் பெயர்களின் கூட்டத்தில் மெய்யாகவே ஆங்கிலேயராக இருந்த நடிகை பார்பரா ஸ்டீல்.

லிவர்பூலுக்கு எதிர்க்கரையிலுள்ள பிர்க்கன்ஹெட்டில் 1937-இல் பிறந்து, சித்திரக்கலை பயின்று, ராங்க் கம்பெனியின் ஒப்பந்தத்தில் சில்லறை வேடங்கள் போட்டுவந்த அவரை, அக்கம்பெனி ஹாலிவுட்டுக்குக் கைமாற்றிவிட்டது. அங்கே எல்விஸ் பிரெஸ்லியின் படமொன்றில் சேர்ந்த வேகத்திலேயே விலக நேர்ந்தது. அவருக்கு வாழ்வு கிடைத்தது ரோமாபுரியில்தான்.

ஒளிப்பதிவில் கைதேர்ந்த மரியோ பாவா, கோகோலின் கதையொன்றைப் பெயரளவுக்குத் தழுவி 1960-இல் எடுத்த ‘லா மாஸ்கெரா டெல் டெமோனியோ’வில், உட்புறம் ஆணிகள் பதித்த முகமூடியைச் சம்மட்டியால் முகத்தில் அறைந்து தண்டிக்கப்பட்ட சூனியக்காரி ஆசாவாகவும், இரு நூற்றாண்டுகளுக்குப் பின் அவள் அபகரிக்க விழையும் வம்சத்துக் கன்னிகை கத்யாவாகவும் இரட்டை வேடம் தாங்கினார் ஸ்டீல். அகன்ற கண்களும் மேடிட்ட கன்ன எலும்புகளும் கொண்ட அந்த முகத்தில், விளக்கைச் சிறிது நகர்த்தினாலே நிஷ்களங்கம் குரூரமாகிவிடும். கறுப்பு வெள்ளையில் நிழலை ஆள்வதில் நிபுணரான பாவாவுக்கு அது ஒரு பாக்கியம். பிரிட்டிஷ் தணிக்கையாளரோ 1968 வரையில் படத்தைத் தங்கள் ஜனங்களின் கண்ணில் காட்டவில்லை. அமெரிக்காவில் அது வெற்றிகரமாக ஓடியது.

ஆனால் அங்கே ரசிகர்கள் கேட்ட குரல் ஸ்டீலுடையதன்று. படப்பிடிப்பின்போது பேச்சைப் பொருட்படுத்தாமல், பிற்பாடு யாரையேனும் கொண்டு பேசவைத்துச் சேர்ப்பது அக்கால இத்தாலிய ஸ்டூடியோக்களின் சம்பிரதாயம். அதைக் குறை சொல்வதற்கில்லை. விசித்திரம் என்னவெனில், 1961-இல் ரோஜர் கார்மன் அமெரிக்காவிலேயே, ஆங்கிலத்திலேயே எடுத்த ‘தி பிட் அண்ட் தி பெண்டுலம்’ படத்திலும் ஸ்டீலின் குரலை நீக்கிவிட்டு வேறொரு பெண்ணின் குரலைப் பொருத்தினார்கள். இங்கிலாந்துப் பெண் தாய்மொழியில் பேசியதைக் கூட இரவல் குரலில் கேட்க நேர்ந்ததை நான் அநியாயம் என்றே சொல்லுவேன். எனினும் முகத்துக்கும் குரலுக்கும் இடையே நேர்ந்த அந்தச் சிறு பிளவுதான், உடல் ஒன்றும் உள்ளே புகுந்த ஆவி வேறொன்றுமான இக்கதைகளுக்கு, எவரும் திட்டமிடாத ஒரு பொருத்தத்தை அளித்தது.

ஸ்டீல் நடித்த, ஃப்ரெடாவின் ‘டாக்டர் ஹிச்காக்’ போன்ற படங்கள் ஏறக்குறைய இரண்டு வாரங்களில் முடிக்கப்பட்டவை. 1965-இல் என்னியோ மொரிக்கோனே இசையமைத்த மரியோ கயானோவின் படத்திலும் ஸ்டீலுக்கு இரட்டை வேடமே. இதற்குக் கலைக் காரணங்கள் ஆயிரம் கூறலாம். ஒரு சம்பளத்தில் இரண்டு பாத்திரங்கள் என்ற கணக்கையும் தயாரிப்பாளர்கள் போட்டிருக்கக்கூடும் என்பது என் சந்தேகம்.

1963-இல் ஃபெலினி தம்முடைய ‘எட்டரை’யில் அவருக்கு ஒரு சிறு பாத்திரம் தந்தார். அதைப் பார்த்தவர்கள், இவருக்கு விகடமும் வரும் என்பதை அறிந்தார்கள்; சந்தைக்கோ சவப்பெட்டியிலிருந்து எழும் ஸ்டீல்தான் வேண்டியிருந்தது. இனிச் சவப்பெட்டி வேண்டாம் என்று அலுத்துக்கொண்ட அவர், பிறகு அமெரிக்கா சென்று தயாரிப்புத் துறையில் இறங்கி, ‘வார் அண்ட் ரிமெம்பரன்ஸ்’ தொலைக்காட்சித் தொடருக்காக 1989-இல் எம்மி விருதில் பங்குபெற்றார். இரண்டு ஆண்டுகளுக்குப் பின் ‘டார்க் ஷாடோஸ்’ தொடரில் அவர் ஏற்றது, ரத்தம் குடிக்கும் பிரபுவுக்குச் சிகிச்சை செய்து மனிதனாக்கப் பார்க்கும் வைத்தியர் வேடம். அதில் அவருடைய சொந்தக் குரலே ஒலித்தது.