அளக்கப்பட்டோரும் அளப்போரும்

ஒரே ஊர்ச் சுவடியைக் கொண்டு பதிப்பித்த நூலை நாம் முழுமையான பதிப்பெனக் கொள்வதில்லை. பிறவூர்ச் சுவடிகளின் பாடவேறுபாடுகளையும் ஒப்புநோக்குகின்றோம். மரபணு ஆராய்ச்சிக்கும் இந்நெறி இன்றியமையாததாதலை ஈண்டு ஆராய்வோம்.

சென்னை எழும்பூர் அருங்காட்சியகத் தலைவராய் 1885 முதல் 1908 வரை விளங்கிய எட்கர் தர்ஸ்டன், தென்னாட்டு மக்களின் தலையையும் மூக்கையும் அளந்தார். 1909இல் ரங்காச்சாரியார் துணையுடன் குலங்களையும் குடிகளையும் பற்றி 7 தொகுதிகள் வெளியிட்டார். அன்று நம்மவர் அளக்கப்படும் பொருளாயினர். எதனை அளப்பதென்று முடிவு செய்தவர் ஆட்சியாளரே.

மரபணுக் காலத்திலோ, அளக்கப்படாமையே குறையாயிற்று. நோய்க்கும் மரபணுவுக்கும் உள்ள தொடர்பை ஆயும் பேராய்வுகளில் பங்கேற்றோருள் ஐரோப்பிய வழியினர் 2009இல் 100க்கு 96 பேர். 2016இலும் ஏறத்தாழ 81 பேர்.

இதனால் விளையும் இடர் யாது? நீரிழிவைத் தடுப்பதென ஐரோப்பிய வழியினரிடம் கண்ட ஒரு மரபணு வேறுபாட்டை, மயிலைக்கு அண்மையிலுள்ள கோபாலபுரத்துச் சென்னை நீரிழிவு ஆராய்ச்சி நிறுவனத்தார், அமெரிக்க அறிஞருடன் கூடி ஆராய்ந்து 2006இல் முடிவு கூறினர். அவ்வேறுபாடு வெள்ளையர்க்குக் காப்பாயிற்று. சென்னைவாழ் மக்கட்கும் டல்லாஸ் நகர்வாழ் தென்னாசியர்க்கும் அவ்வாறு ஆகவில்லை. ஒரு சுவடியின் பாடத்தைப் பொதுப்பாடமாகக் கொள்ளுதல் தகாதென்பதற்கு இதுவே சான்று.

இந்திய மக்கள் 10,000 பேரின் மரபணுத் தொகுதிகள் 2025 சனவரியில் ஆய்வாளர்க்குத் திறந்துவிடப்பட்டன. எண்ணிக்கை பெருகியது நன்றே. ஆயினும், வினா எழுப்பும் உரிமையும் விளையும் பயனிற் பங்கும் குருதி ஈந்த மக்கட்கு வாய்த்தல் வேண்டும். அஃதின்றேல், தர்ஸ்டனின் அளவுகோலே வேறு வடிவில் தொடரும் என்பது நம் துணிபு.