கில்பர்ட் ஹார்டிங்

கில்பர்ட் ஹார்டிங் (1907–1960) பிபிசி வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பெயர்பெற்ற ஆங்கிலேயர். ஹெரஃபோர்டில் பிறந்தார். கேம்பிரிட்ஜில் படித்து, பள்ளி ஆசிரியர், பிராட்ஃபோர்டில் போலீஸ்காரர், சைப்ரஸில் ‘தி டைம்ஸ்’ நாளிதழின் செய்தியாளர் என்று பல வேலை பார்த்தபின் 1939இல் பிபிசியில் சேர்ந்தார். பத்திரிகைகள் அவருக்குச் சூட்டிய பட்டம், பிரிட்டனிலேயே மிகவும் மரியாதை தெரியாதவர் என்பது. அவரது சிடுசிடுப்பு பொய்யல்ல. ஆனால் அதை நாடறிந்த விஷயமாக்கியது அன்றைய தொலைக்காட்சி இயங்கிய விதம்தான்.

1951இல் தொடங்கிய ‘வாட்ஸ் மை லைன்?’, அமெரிக்காவிலிருந்து வந்த விளையாட்டு. போட்டியாளராக வந்தவர் தன் தொழிலைச் சைகையால் காட்டுவார். ஆம், இல்லை என்று மட்டும் பதில் வாங்கி நால்வர் குழு அதைக் கண்டுபிடிக்க வேண்டும். பத்து ‘இல்லை’ சேர்ந்துவிட்டால் வந்தவருக்கு வெற்றி. பரிசு ஒரு சான்றிதழ். இந்த எளிய பொழுதுபோக்கில், மழுப்பலாகப் பதில் சொன்ன ஒருவரிடம், உங்களைப் பார்த்துப் பார்த்து அலுத்துவிட்டது என்று குழுவில் இருந்த ஹார்டிங் சொல்லிவிட்டார். நிகழ்ச்சி நேரலை, வெட்டி ஒட்ட வழியில்லை. 1955 செப்டம்பரில் வணிகத் தொலைக்காட்சி வரும்வரை பார்ப்பதற்கு வேறு அலைவரிசையும் கிடையாது. இன்றானால் தொகுப்பறையிலேயே போயிருக்கக்கூடிய ஒரு வாக்கியம் மறுநாள் ஊர்ப்பேச்சாயிற்று.

‘ட்வென்டி கொஸ்டின்ஸ்’ போன்ற வானொலி நிகழ்ச்சிகளிலேயே அவர் பிரபலம், தொலைக்காட்சிக்கு இதில் என்ன பங்கு என்று கேட்கலாம். வானொலி தந்தது குரலை மட்டும். பதில் வருவதற்குள் அவரது மூக்குக்கண்ணாடிக்குப் பின்னால் பொறுமை கரைவதைப் படக்கருவிதான் காட்டியது. மக்கள் காத்திருந்தது அதற்காகவே. கோபம் வெறும் வேடம் என்பாரும் உண்டு. வேடமென்றால் அவருக்கு அது பிடித்திருக்க வேண்டும்; அவரோ தன் புகழைப் போலி என்றே எண்ணி வெட்கப்பட்டார். 1960 செப்டம்பரில் ஒளிபரப்பான ‘ஃபேஸ் டு ஃபேஸ்’ பேட்டியில், ஒருவர் இறப்பதை அருகிலிருந்து பார்த்ததுண்டா என்று பேட்டியாளர் ஜான் ஃப்ரீமன் கேட்டார். ஹார்டிங்கின் நினைவு தாயின் மரணத்துக்குப் போயிற்று, கண் கலங்கினார். அந்தக் கேள்வி கொடுமை என்று பலரும் கண்டித்தது நியாயமே. ஆயினும் கோபத்தைக் காட்டிய அதே நெருக்கக் காட்சிதான் துயரத்தையும் காட்டியது. ஒன்றை ரசித்துவிட்டு மற்றதற்கு மட்டும் முகம் சுளிப்பது பொருந்தவில்லை.

இரண்டு மாதம் கழித்து, நவம்பர் 16 அன்று, பிபிசி ஒலிபரப்பு மாளிகைக்கு வெளியே சுருண்டு விழுந்து இறந்தார். வயது 53. ‘வாட்ஸ் மை லைன்?’ ஒளிபரப்புகளில் பெரும்பாலானவை இன்று இல்லை. ‘ஃபேஸ் டு ஃபேஸ்’ பேட்டியின் பதிவு இருக்கிறது.