சிரட்டையும் துடுப்பும்
வானொலி நாடகத்தில், உரையாடலுக்கு அப்பால் நின்று இடத்தையும் செயலையும் செவிக்கு உணர்த்தும் ஓசைகள் ஒலி விளைவுகள் எனப்படும். 1924 ஜனவரியில் பிபிசி ஒலிபரப்பிய ரிச்சர்ட் ஹியூஸின் நாடகம், வானொலிக்கென்றே எழுதப்பட்ட மிக முந்தியவற்றுள் ஒன்று. அது விளக்கணைந்த நிலக்கரிச் சுரங்கத்தினுள் நிகழ்வதாக அமைந்தமையால், பாத்திரங்களும் நேயர்களும் ஒரே இருளில் நின்று செவியையே நம்ப வேண்டியதாயிற்று. இரு சிரட்டைகளைத் தட்டிக் குதிரைக் குளம்படியும், தொங்கவிட்ட தகட்டைக் குலுக்கி இடிமுழக்கமும் கலையகங்களில் எழுப்பப்பட்டன. மெய்யான மழையோசையே ஒலிவாங்கி வழியே வருகையில் எண்ணெயில் பொரியும் சத்தமாகத் திரிந்துவிடுவதுண்டு. ஆதலால் இவ்வாறு வேறு பொருள்களால் ஓசை எழுப்புவதை வெறும் ஏமாற்று வேலை என்று கொள்வது முறையன்று.

மட்டக்களப்புக்கு இக்கலையின் அடிப்படை புதியதன்று. வட்டக்களரியில் ஆடப்படும் வடமோடி, தென்மோடிக் கூத்துகளில் மெய்யான தேரோ படையோ வருவதில்லை; கூத்தாசிரியரான அண்ணாவியாரின் மத்தளமும் சல்லரியும் ஆடுவோரின் சதங்கையுமே போரின் வேகத்தைக் களரிக்குக் கொண்டுவருகின்றன.

எனினும், ஓர் ஓசையைப் பிறிதொரு பொருளின் துணையால் அறிவதற்கு இப்பகுதியின் மிகச் செறிவான சான்று மட்டக்களப்பு வாவியிலேயே உண்டு. 1848 செப்டெம்பரில் இங்கு வந்த இலங்கையின் குடியேற்ற நாட்டுச் செயலாளர் சேர் ஜேம்ஸ் எமர்சன் டெனன்ற், இரவில் தோணியிலிருந்து கேட்ட நீரடி இசையை, ஈரவிரலால் மதுக்கிண்ணத்தின் விளிம்பைத் தேய்க்கையில் பிறக்கும் அதிர்வுக்கு ஒப்பிட்டதோடு, தோணியின் மரத்தில் காதை வைத்தபோது அது பெருகிக் கேட்டதையும் 1859இல் வெளியான தம் நூலில் பதிந்தார். பாடுவது ஊரி, அதாவது நத்தையினத்தைச் சேர்ந்த ஓட்டுயிர், என்றே மீனவர்கள் அவரிடம் கூறினர். ஆயினும் நாட்டு வழக்கில் நிலைத்த பெயர் பாடும் மீன் என்பதாகும். கல்லடிப் பாலத்தடியில் பௌர்ணமி இரவுகளில் துடுப்பின் ஒரு முனையை நீரில் ஆழ்த்தி மறுமுனையில் காதை வைத்துக் கேட்பது இவ்வூரார் கண்ட வழி. நீரின் அதிர்வு காற்றுக்குள் எளிதிற் கடப்பதில்லை. மரமோ அதனைச் செவிவரை சுமந்து வருகிறது. ஒலிவாங்கி வருவதற்கு நெடுங்காலம் முன்பே துடுப்பு ஒலிவாங்கியின் பணியைச் செய்தது எனலாம்.

20ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், அமெரிக்க யேசு சபைக் குருவான லாங் அடிகளார் இவ்வோசையைப் பதிவுசெய்ய, இலங்கை வானொலி அதனை ஒலிபரப்பியது. சிரட்டையும் தகடும் பிறவற்றின் குரலில் பேசிய அலைவரிசையில், அன்று வாவி தன் குரலிலேயே ஒலித்தது.