ஒரே பாறை, இரு வரலாறுகள்: நவுறு, பனாபா மக்களின் அரசியல் அனுபவம்

பசிபிக் தீவுகளின் வரலாற்றை நோக்குவோரிடையே ஓர் எடுகோள் நெடுங்காலம் செல்வாக்குப் பெற்றிருந்தது. அத்தீவுகள் சிறியவை, தொலைவில் உள்ளவை. ஆதலால் அவை பிறரிலே தங்கியிருப்பது இயல்பு என்பதே அதன் சாரம். இவ்வெடுகோளைச் சோதித்துப் பார்ப்பதற்கு நவுறு, பனாபா ஆகிய இரு தீவுகளும் பொருத்தமானவை. பூமத்திய கோட்டுக்குச் சற்றுத் தெற்கே, ஒன்றுக்கொன்று ஏறத்தாழ 300 கிலோமீற்றர் இடைவெளியில் இவை அமைந்துள்ளன. நவுறு 21 சதுர கிலோமீற்றர் பரப்புடையது. பனாபா 6 சதுர கிலோமீற்றர் அளவினது. இரண்டும் பொஸ்பேற்றுப் பாறை நிறைந்தவை. இரண்டையும் தோண்டியது ஒரே நிறுவனம். எனினும் நவுறு 1968இல் இறைமையுள்ள குடியரசாயிற்று. பனாபா மக்களோ தம் தீவை இழந்து பீஜி நாட்டின் ஒரு மூலையிற் சிறுபான்மையினராயினர். சிறுமையும் தொலைவும் இரண்டுக்கும் பொதுவாயிருக்க, முடிவு மட்டும் வேறுபட்டது எவ்வாறு என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா.

1899இல் பசிபிக் தீவுகள் கொம்பனியின் சிட்னி அலுவலகத்திலே கதவு மூடாதிருக்க முட்டுக்கொடுக்கப்பட்டிருந்த கல்லொன்றை அல்பேட் எலிஸ் என்னும் ஊழியர் பரிசோதித்தார். நவுறுவிலிருந்து வந்த அக்கல் உயர்தரப் பொஸ்பேற்று எனத் தெரியவந்தது. மறு ஆண்டு மே மாதம் பனாபாவில் இறங்கிய எலிஸ், தீவின் பொஸ்பேற்று முழுவதையும் 999 ஆண்டுகளுக்கு எடுத்துக்கொள்ளும் உரிமையை ஆண்டுக்கு 50 பவுண் என்ற விலையிற் பெற்றார். ஒப்பத்திற் கையொப்பமிட்டவருக்கு மற்றையோரின் நிலத்தை வழங்கும் அதிகாரம் எதுவும் இருக்கவில்லை. நிலம் குடும்பங்களுக்கும் தனியாட்களுக்கும் உரியதாயிருந்த சமுதாயத்தில் ‘அரசன்’ ஒருவனைக் கண்டுபிடித்து அவனிடம் ஒப்பம் வாங்குவது குடியேற்றவாதத்தின் வழக்கமான உத்தியாகும். 1888 முதல் ஜேர்மனியரின் ஆட்சியிலிருந்த நவுறுவில் 1906 அளவில் அகழ்வு தொடங்கியது. அங்கு நிலவுடைமையாளர் தொடக்கத்திற் பெற்றது தொன்னுக்கு அரைப் பென்னி மட்டுமே.

முதலாம் உலகப்போரின்போது அவுஸ்திரேலியப் படை நவுறுவைக் கைப்பற்றியது. 1919இல் பிரித்தானியா, அவுஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய மூன்று அரசுகளும் தமக்குள் உடன்படிக்கை செய்து, கொம்பனியின் உரிமைகளை விலைக்கு வாங்கி, ‘பிரித்தானிய பொஸ்பேற்று ஆணையாளர்’ என்னும் அமைப்பை நிறுவின. பொஸ்பேற்று முறையே 42, 42, 16 என்னும் வீதத்திற் பங்கிடப்பட்டது. அது உலகச் சந்தை விலைக்கன்றி, அடக்க விலைக்கே அந்நாடுகளின் விவசாயிகளுக்கு வழங்கப்பட்டது என்பது முக்கியமாக நோக்கற்பாலது. விலை குறைவாயிருந்தமையால் தீவு மக்களின் பங்கும் குறைவாயிற்று. வேறு சொற்களிற் கூறுவதாயின், அவுஸ்திரேலிய, நியூசிலாந்து மேய்ச்சல் நிலங்களின் செழிப்புக்கு இரு சிறு தீவுகளின் மக்கள் மானியம் வழங்கினர். சீனத் தொழிலாளரும் கில்பேட் தீவுத் தொழிலாளரும் ஒப்பந்த முறையிற் சிந்திய உழைப்பும் அம்மானியத்தின் ஒரு பகுதியாகும்.

இதுவரை ஒத்துச் சென்ற இரு வரலாறுகளும் சட்ட அந்தஸ்தின் அடிப்படையிலே பிரிகின்றன. பனாபா 1916இல் கில்பேட், எலிஸ் தீவுகள் குடியேற்ற நாட்டின் ஒரு பகுதியாக்கப்பட்டது. 1928இல் மேலும் நிலம் வழங்க மக்கள் மறுத்தபோது, வதிவிட ஆணையாளர் ஆதர் கிறிம்பிள் அவர்களை அச்சுறுத்திக் கடிதம் எழுதினார். பின்னர் நிலம் கட்டாயமாக எடுக்கப்பட்டது. மரங்களைக் கட்டிப்பிடித்துத் தடுத்த பெண்களின் எதிர்ப்பும் பயனளிக்கவில்லை. பொஸ்பேற்று வருவாயின் பெரும்பங்கு குடியேற்ற நாட்டின் நிருவாகச் செலவுக்குப் பயன்பட்டமையால், பனாபா மக்களின் கோரிக்கைகள் கில்பேட் மக்களின் நலனுக்கு முரணானவை போலத் தோற்றமளித்தன. ஒடுக்கப்பட்ட இரு மக்கட் பிரிவினரை ஒருவருக்கெதிராக மற்றவரை நிறுத்திய இந்நிதிமுறை பிற்காலத்திலும் தன் விளைவைக் காட்டியது.

யப்பானிய ஆக்கிரமிப்பு இரு மக்களையும் சிதறடித்தது. நவுறு மக்களில் 1,200 பேர் ட்ரக் தீவுக்கு நாடுகடத்தப்பட்டனர். அவர்களுட் பிழைத்த 737 பேர் 1946 சனவரி 31இல் தாயகம் திரும்பினர். பனாபா மக்களுக்கு அவ்வாய்ப்புக் கிட்டவில்லை. அவர்களின் சொந்தப் பொஸ்பேற்று நிதியைக் கொண்டே 1942இல் வாங்கப்பட்ட, பீஜியைச் சேர்ந்த றம்பித் தீவில், 1945 டிசெம்பரில் அவர்கள் இறக்கப்பட்டனர். தாயகத்துக்கும் றம்பிக்கும் இடைப்பட்ட தூரம் இரண்டாயிரம் கிலோமீற்றருக்கு மேலாகும். மக்களற்ற தீவில் அகழ்வு 1979 வரை இடையூறின்றித் தொடர்ந்தது.

நவுறுவோ 1920இல் சர்வதேச சங்கத்தின் ஆணைப்பிரதேசமாகவும், 1947இல் ஐக்கிய நாடுகள் சபையின் நம்பிக்கைப் பொறுப்புப் பிரதேசமாகவும் இருந்தது. இவ்வேற்பாடு அகழ்வைத் தடுத்ததில்லை. சுரண்டலுக்குச் சட்ட மரியாதையே அளித்தது. ஆயினும் ஆளுவோர் ஆண்டுதோறும் பிறர் முன்னிலையிற் கணக்குக் கூறவேண்டிய அரங்கொன்றை அது உருவாக்கியது. ஹமர் டி ரொபேட்டின் தலைமையில் நவுறு மக்கள் அவ்வரங்கை நன்கு பயன்படுத்தினர். குவீன்ஸ்லாந்துக் கரையோரமுள்ள கேர்ட்டிஸ் தீவிற் குடியேறுமாறு அவுஸ்திரேலியா முன்வைத்த யோசனையை 1964இல் அவர்கள் நிராகரித்தனர். அங்குக் குடியுரிமை கிடைத்தாலும் ஒரு மக்கட் கூட்டமாக வாழும் அரசியல் உரிமை கிடையாது என்பதே அவர்கள் கூறிய காரணம். 1968 சனவரி 31ஆம் நாள், போரின்பின் தாயகம் திரும்பிய அதே நாளில், நவுறு சுதந்திரம் பெற்றது. 1970இல் பொஸ்பேற்றுத் தொழிலும் அவர்கள் கைக்கு வந்தது; அதற்கு விலையாக 2 கோடி 10 இலட்சம் அவுஸ்திரேலிய டொலரை அவர்களே செலுத்த வேண்டியிருந்தது.

நீதிமன்ற அனுபவமும் இவ்வேறுபாட்டையே உறுதிப்படுத்துகின்றது. பனாபா மக்கள் இலண்டனில் தொடுத்த வழக்கின் விசாரணை இருநூறு நாட்களுக்கு மேல் நீடித்தது. 1976இல் தீர்ப்பளித்த நீதிபதி மெகாரி, முடியரசுக்கு இருந்தது அரசியற் கடமையேயன்றி நீதிமன்றத்தால் நிறைவேற்றக்கூடிய நம்பிக்கைப் பொறுப்பு அன்று எனக் கூறினார். பின்னர் மூன்று அரசுகளும் ஒரு கோடி அவுஸ்திரேலிய டொலரை உரிமையாகவன்றிக் கருணைத் தொகையாக வழங்க முன்வந்தன. நவுறுவோ ஓர் அரசு என்ற தகுதியில் 1989இல் அவுஸ்திரேலியாவைச் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தது. வழக்கை விசாரிக்கத் தனக்கு அதிகாரமுண்டு என 1992இல் நீதிமன்றம் தீர்மானித்தது. மறு ஆண்டு 10 கோடி 70 இலட்சம் டொலர் வழங்க அவுஸ்திரேலியா உடன்பட்டது. ஆளுவோனின் நீதிமன்றத்தில் ஆளப்படுவோன் பெறுவதற்கும், சமமானவர் முன்னிலையில் ஓர் அரசு பெறுவதற்கும் உள்ள வேறுபாடு இதுவே.

இதனால் நவுறுவின் சுதந்திரம் முழுமை பெற்றதெனக் கொள்ளலாகாது. சுதந்திரம் கிட்டியபோது நிலத்தின் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கு ஏற்கெனவே தோண்டப்பட்டிருந்தது. எஞ்சியதைத் தோண்டுவதே புதிய அரசின் பொருளாதாரமாயிற்று. வருங்காலச் சந்ததிக்கென ஒதுக்கப்பட்ட நிதி, பிழையான முதலீடுகளாலும் ஊழலாலும் வீண்விரயத்தாலும் கரைந்தது. இதில் உள்நாட்டு ஆளுங்குழுவினரின் பொறுப்பை மறைத்தல் நேர்மையாகாது. பொஸ்பேற்று வற்றிய பின் 2001 முதல், அவுஸ்திரேலியா தன் கரையிற் சேர்க்க மறுத்த அகதிகளைத் தடுத்துவைக்கும் இடமாக அத்தீவு வாடகைக்குப் போயிற்று. 2007இல் அங்கு அனுப்பப்பட்டோருள் இலங்கைத் தமிழரும் இருந்தனர். முன்னர் உரத்துக்காகப் பயன்பட்ட தீவு பின்னர் வேண்டாதவரை ஒதுக்கிவைப்பதற்குப் பயன்பட்டது. இரு சந்தர்ப்பங்களிலும் தேவையை நிர்ணயித்தது கன்பராவேயாகும்.

எனவே, சிறுமையும் தொலைவும் பசிபிக் மக்களின் விதியை நிர்ணயித்தன என்னும் எடுகோள் ஏற்புடையதன்று. பனாபா இழந்ததும் நவுறு பெற்றதும் அரசியலின் விளைவுகள்: சட்ட அந்தஸ்து ஓர் அரங்கை வழங்கிற்று, திரண்ட மக்கள் அதனைப் பயன்படுத்தினர். ஆயினும் மண்ணை இழந்தபின் கிட்டும் இறைமை எத்துணை வலுவற்றது என்பதையும் நவுறு காட்டுகின்றது. 1979இல் கிரிபாட்டி சுதந்திரமடைந்தபோது பனாபா அதனுள் அடங்கியது. றம்பி மக்களுக்கென அந்நாட்டுப் பாராளுமன்றத்தில் ஓர் ஆசனம் ஒதுக்கப்பட்டது. நிலமுள்ள இடத்தில் மக்களில்லை, மக்களுள்ள இடத்தில் நிலமில்லை என்னும் அந்நிலைக்கு ஓர் ஆசனம் ஈடாகுமா என்பது பசிபிக் வரலாற்றாசிரியர் மட்டும் விடையளிக்க வேண்டிய வினாவன்று.